சுவர்க் கலண்டரும் செக்ரோலும்

வீட்டுச் சுவரில் தொங்கும் கலண்டரை ஓர் அறக்கட்டளைச் சொற்பொழிவுக்குப் பொருளாக்குவது சிலருக்கு வேடிக்கையாகப் படலாம். இது வரலாறும் இலக்கியமும் பேசவேண்டிய மேடை என்று அவர்கள் சொன்னால் மறுக்கமாட்டேன். நான் பேசப்போவதும் வரலாறுதான். ஸ்பிரிங்வெளியிலும், நமுனுகுல மலையைச் சுற்றியுள்ள மற்றத் தோட்டங்களிலும், ஊவா மாகாணத்துப் பெருந்தோட்டங்கள் எங்கும், ஒரு தொழிலாளர் குடும்பத்தின் நாட்களை எழுதிவைக்கும் அதிகாரம் நெடுங்காலம் அந்தக் குடும்பத்திடம் இருக்கவில்லை. வேலைக்குப் போன நாளைச் செக்ரோல் என்ற தோட்டத்து வரவுப் பதிவேடு எழுதியது. பிறந்த நாளும் இறந்த நாளும் தோட்டத்து அலுவலகம் வழியாகவே பதிவேட்டுக்குப் போயின. லயத்துக் காம்பராவில் ஆணியில் மாட்டிய கலண்டர்தான், திகதி அச்சிட்டு, எழுத இடமும் விட்டு, அந்த அதிகாரத்தில் ஒரு சிறு பங்கை வீட்டுக்குள் கொண்டுவந்தது என்பது என் வாதம். அதனால் அதை ஓர் அலங்காரப் பொருளாகவோ சோதிடத் துணையாகவோ மட்டும் பார்க்காமல், மலையக மக்கள் தம் கைப்பட எழுதிய ஆவணமாகக் கொள்ளவேண்டும் என்கிறேன்.

இதைத் தெளிவாகக் காண மலையாளிகளின் சுவர்க் கலண்டரை முதலில் பார்ப்போம். கொல்லவர்ஷம் எனப்படும் அவர்களுடைய ஆண்டுக் கணக்கு கி.பி. 825இல் தொடங்குகிறது. நம்முடைய ஆவணி அவர்களுக்குச் சிங்கம், நம்முடைய சித்திரை அவர்களுக்கு மேடம். இரண்டும் சூரிய மாதங்களே. ஆனால் விதி சற்று வேறு. சூரியன் மறைவதற்குள் இராசி மாறிவிட்டால் தமிழ் வழக்கில் அன்றே மாதப் பிறப்பு. மலையாள வழக்கில் பகற்பொழுதின் ஐந்தில் மூன்று பங்கு கழிவதற்குள் மாறியிருக்கவேண்டும், தவறினால் மறுநாள். அதனால்தான் சில ஆண்டுகளில் நம் புத்தாண்டும் அவர்கள் விஷுவும் ஒரு நாள் விலகி நிற்கின்றன. இந்த நுணுக்கம் கேரளத்து வீட்டுக்காரருக்குத் தெரிந்திருக்கவேண்டியதில்லை. மலையாள மனோரமா, மாத்ருபூமி போன்ற பத்திரிகை நிறுவனங்கள் அச்சிடும் கலண்டர் அவருக்காக அதைக் கணக்கிட்டு வைத்திருக்கிறது. பிள்ளையின் பிறந்தநாளை நட்சத்திரத்தைக் கொண்டு பார்க்கவும், பெரியவர்களுக்குச் சிராத்தம் கொடுக்கும் திதியை அறியவும், ஏகாதசி என்றைக்கு என்று தெரிந்துகொள்ளவும் ஒரே தாள் போதும். அந்த மண்ணின் மொழியில், அந்த வீட்டில் எழும் கேள்விகளை முன்கூட்டியே அறிந்த ஓர் அச்சகம் அதைத் தயாரிக்கிறது. அச்சிடுகிறவர் வாழும் ஆண்டும் படிக்கிறவர் வாழும் ஆண்டும் ஒன்று.

ஊவாத் தோட்டத்து வீட்டுக்கு அப்படி ஒரு கலண்டரை எவரும் அச்சிட்டதில்லை. பதுளை நகரத்து நகைக்கடையோ அடகுக்கடையோ துணிக்கடையோ வருடக் கடைசியில் கொடுப்பது, தொழிற்சங்கம் தன் தலைவர் படத்தோடு கொடுப்பது, இவைதான் லயத்துக்கு வந்து சேர்கின்றன. அதில் ஆங்கிலத் திகதி இருக்கும். போயா நாள் இருக்கும். அரசாங்க விடுமுறை, வங்கி விடுமுறை, வர்த்தக விடுமுறை என்று மூன்று வகைக்குத் தனித்தனி அடையாளம் இருக்கும். தோட்டத் தொழிலாளிக்குச் சம்பளத்தோடு கூடிய விடுமுறை எது என்பது இந்த மூன்றிலும் அடங்காது, அது தனியாக வகுக்கப்பட்ட விடயம். ஆகவே சுவரில் சிவப்பாக இருக்கும் நாளில் கொழுந்து மலைக்குப் போகவேண்டியும் வரலாம். தமிழ்த் திகதி அச்சாகியிருந்தாலும் தொல்லை தீர்ந்துவிடாது. வாக்கிய பஞ்சாங்கம் ஒரு நேரம் சொல்லும், திருக்கணிதம் இன்னொரு நேரம் சொல்லும். சித்திரைப் புத்தாண்டில் மருத்து நீர் வைக்கும் புண்ணிய காலமும் கைவிசேடம் கொடுக்கும் நேரமும் இரண்டிலும் வேறுபடுவது இலங்கைத் தமிழருக்குப் பழகிப்போன சங்கதி. அதே புத்தாண்டுக்கு அடுப்பு மூட்டும் நேரம், வேலைக்குப் புறப்படும் நேரம் என்று சிங்கள மக்களுக்கான சுபநேரங்களையும் வானொலி சொல்லிக்கொண்டிருக்கும். 2023இல் ஆடி மாதத்துக்குள் இரண்டு அமாவாசைகள் விழுந்தன. முன்னோருக்கு விரதம் எந்த அமாவாசையில் என்ற கேள்விக்குப் பதிலை அச்சுத் தாள் தரவில்லை, கோயில் ஐயரைக் கேட்டு வீட்டார்தான் வட்டம் போடவேண்டியிருந்தது.

அச்சிட்ட நாளை நம்பி இருக்கமுடியாத நிலையை அரசாங்கமும் இரண்டு தடவை உண்டாக்கியது. 1966இல் ஞாயிற்றுக்கிழமை வார விடுமுறை நீக்கப்பட்டு, அமாவாசை, பௌர்ணமி, இடையிலுள்ள இரண்டு அரைச் சந்திர நாட்கள் ஆகிய போயாக்கள் வார ஓய்வு நாட்களாயின. சந்திரன் ஏழு ஏழாக எண்ணி நடப்பதில்லை. ஒரு போயாவுக்கும் அடுத்ததற்கும் நடுவே சில சமயம் எட்டு நாள் ஆகும். இந்த வாரம் செவ்வாயில் ஓய்வு என்றால் ஒரு மாதம் கழித்து அது எந்தக் கிழமை என்பது கலண்டரைப் பாராமல் தெரியாது. 1971இல் ஞாயிறு திரும்பி வந்தது, மாதத்துக்கு ஒரு பௌர்ணமிப் போயா மட்டும் விடுமுறையாக நின்றது. இரண்டாவது தடவை கடிகாரத்தில் கை வைத்தார்கள். மின்சாரத் தட்டுப்பாட்டின்போது 1996 மே மாதத்தில் நாட்டின் நேரம் ஒரு மணி முன் தள்ளப்பட்டு, அதே ஆண்டு ஒக்டோபரில் அரை மணி பின்வாங்கி, 2006 ஏப்ரல் வரை இந்தியாவுக்கு அரை மணி முன்னால் ஓடியது. சூரியன் என்னவோ பழைய நேரத்துக்கே உதித்துக்கொண்டிருந்தான். திங்கட்கிழமை இராகு காலம் 7.30 முதல் 9 வரை என்பது வழக்கமான கணக்கு, இந்த ஒன்பதரை ஆண்டுகளில் இலங்கைக் கடிகாரப்படி அது 8 முதல் 9.30 வரை ஆகிறது. தமிழ்நாட்டில் அச்சான தாளைச் சுவரில் வைத்திருந்தவர் ஒவ்வொரு முறையும் அரை மணி கூட்டிக்கொள்ளவேண்டும். பழைய நேரமா புது நேரமா என்று கேட்டுவிட்டு முகூர்த்தம் பேசிய காலம் அது. இத்தனை திருத்தங்களையும் செய்தவர்கள் அச்சகத்தார் அல்லர், வீட்டார்.

நல்ல நேரம் பார்ப்பதிலும் தோட்டத்துக்கு ஒரு தனி ஒழுங்கு உண்டு. காலையில் பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் கூடி நிற்பதற்கு, எத்தனை மணி என்பதைத் துரைதான் தீர்மானிக்கிறார். யமகண்டம் கழித்துப் புறப்படுகிறேன் என்று எந்தத் தொழிலாளியும் கணக்கப்பிள்ளையிடம் சொல்லமுடியாது. எனவே பஞ்சாங்கம் செல்லுபடியாகும் பொழுது, வேலை இல்லாத பொழுது மட்டுமே. ஊர்களில் முகூர்த்தம் பார்த்துவிட்டு லீவு கேட்பார்கள். தோட்டத்தில் முதலில் ஞாயிறும் போயாவும் எங்கே விழுகின்றன என்று பார்த்து, அந்தக் கட்டங்களுக்குள் முகூர்த்தம் அகப்படுமா என்று தேடுவார்கள். சித்திரா பௌர்ணமியும் வைகாசி விசாகமும் பெரும்பாலும் போயாவை ஒட்டியே வருவதால் மாரியம்மன் கோயில் திருவிழாவுக்கு அது வசதியாயிற்று. பௌத்தர்களுக்காக அரசு தந்த விடுமுறையில் அம்மனுக்குப் பால்குடம் எடுப்பது இந்த நாட்டுக்கே உரிய அழகு. இதற்குக் கலண்டரை வெறுமனே படித்தால் போதாது, இரண்டு கணக்குகளை ஒன்றின்மேல் ஒன்று வைத்துப் பார்க்கவேண்டும். காமன் கூத்துக்கு மாசியில் கம்பம் ஊன்றும் நாள், கவ்வாத்துச் சாமிக்கும் ரோதை முனிக்கும் படைக்கும் நாள், கதிர்காமத்துக் கொடியேற்றம் ஆகியவை எல்லாக் கலண்டர்களிலும் அச்சாகி வருவதில்லை. அந்த மலையின் ஆண்டு முழுமை பெறுவது பேனாவால்தான்.

இனி வாதத்தின் நடுப்பகுதிக்கு வருகிறேன். தோட்டத்தில் ஒருவர் வேலைக்குப் போனதற்கு அடையாளம் அவர் பேர் விழுவது. சொன்ன கிலோ வராவிட்டால் அரைப் பேர். ஞாயிறும் போயாவும் வேலை செய்தால் ஒன்றரை நாள் கணக்கு. இவையெல்லாம் செக்ரோலில் ஏறி, மாதம் முடிந்து, அடுத்த மாதம் 10ஆம் திகதிக்குச் சம்பளத் துண்டாக வெளிவரும். ஏறக்குறைய 40 நாட்களுக்கு முன் நடந்ததை அந்தத் துண்டு சொல்கிறது. ஒரு மாதத்தின் மூன்றாம் திகதி பேர் விழுந்ததா, அரைப் பேரா, மழையால் பாதியில் அனுப்பிவிட்டார்களா என்று 40 நாள் கழித்து ஞாபகத்திலிருந்து வாதாட முடியுமா? சுவரில் அந்தக் கட்டத்தில் ஒரு கோடு இருந்தால் முடியும். கோடு, வட்டம், பெருக்கல் குறி, கிலோவைக் குறிக்கும் இலக்கம், இவை போதும். கூட்டு ஒப்பந்தங்கள் இந்தத் தேவையை இன்னும் கூர்மையாக்கின. 2016 ஒப்பந்தத்தில் நாட்சம்பளம் அடிப்படை 500 ரூபா, விலைப் பங்கு 30, உற்பத்திக் கொடுப்பனவு 140, வரவுக் கொடுப்பனவு 60, ஆக 730 ரூபா என்று பேசப்பட்டது. அந்த 60 ரூபா, வேலை கொடுத்த நாட்களில் 75 வீதம் வந்தவர்களுக்கே. 24 நாள் வேலை கொடுத்த மாதத்தில் 18 நாள் போகவேண்டும், 17 நாள் போனவர் 1020 ரூபாவை இழந்தார். இங்கே எண்ணவேண்டியவை இரண்டு: போன நாட்கள் எத்தனை, தோட்டம் வேலை கொடுத்த நாட்கள் எத்தனை. இரண்டாவது கணக்கைத் தொழிலாளி தானாக வைத்திராவிட்டால் நிர்வாகம் சொன்னதே கணக்கு. ஊவாவில் ஜூலை முதல் செப்டெம்பர் வரை கச்சான் காற்று வறண்டு அடிக்கும் பருவத்தில் தேயிலைக்கு மணம் கூடும், ஏலத்தில் விலையும் பேசும். ஆனால் கொழுந்து குறையும். கொழுந்து குறைந்தால் அரைப் பேர் கூடும். உலகம் ஊவாத் தேயிலையைப் புகழும் மாதங்கள் பறிப்பவளின் கலண்டரில் எப்படி இருந்தன என்பது எந்த ஏல அறிக்கையிலும் கிடைக்காது. 2019 ஒப்பந்தத்தில் வரவுக் கொடுப்பனவு நீங்கி, அடிப்படை 700 ரூபாவும் விலைப் பங்கு 50 ரூபாவும் ஆனபோது, பல வீடுகளில் எண்ணுவதற்கான காரணங்களில் ஒன்று குறைந்தது. தீபாவளி முற்பணம் எத்தனை தவணை கழிந்தது, சேமலாப நிதிக்கு எத்தனை நாள் சேர்ந்தது என்ற மற்றக் காரணங்கள் அப்படியே இருக்கின்றன.

திகதி கையில் இல்லாத சமூகத்துக்கு என்ன நேரும் என்பதை மலையகத்தைவிடக் கசப்பாக அறிந்தவர்கள் இந்தத் தீவில் குறைவு. 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டத்துக்குப் பின் வந்த 1949ஆம் ஆண்டு இந்திய பாகிஸ்தானிய வதிவோர் சட்டம், 1946 ஜனவரி முதலாம் திகதிக்கு முன்பு மணமானவர் 7 ஆண்டுகளும் ஏனையோர் 10 ஆண்டுகளும் இடைவிடாது இலங்கையில் வாழ்ந்ததைக் காட்டச் சொன்னது. எட்டு இலட்சத்துக்கு மேற்பட்டோருக்காக மனுக்கள் போயின. பிரஜாவுரிமை பெற்றவர்கள் ஏறத்தாழ ஒரு இலட்சத்து 34 ஆயிரம் பேர்தான். மறுப்புக்குப் பின்னால் அரசியல் இருந்தது, காகிதம் மட்டும் காரணம் என்று சொல்லமாட்டேன். ஆனால் அந்த அரசியல் காகிதத்தைக் கருவியாக்கியது. தான் எப்போது வந்தேன், இடையில் எத்தனை நாள் இந்தியா போய் வந்தேன் என்பதற்குத் தொழிலாளி தோட்டத்துப் பதிவுகளை நம்பியிருந்தார். பெரிய கங்காணியின் கணக்குப் புத்தகத்தில் அவர் பெயர் இருந்திருக்கும், கடன்காரராக. 1964 ஒக்டோபர் 30இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தாகி, 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பங்கிடப்பட்டார்கள், எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசுவோம் என்றார்கள். அதே 1964 ஒக்டோபர் 30தான் 2003ஆம் ஆண்டுச் சட்டத்திலும் எல்லைத் திகதியாக நின்றது: அன்று முதல் இங்கே வாழ்ந்தவருக்கும் அவர் வழிவந்தோருக்கும் பிரஜாவுரிமை. ஒரு திகதி 39 ஆண்டுகள் ஒரு மக்கள் கூட்டத்தின் தலைக்குமேல் நின்றிருக்கிறது. இப்படிப்பட்டவர்கள் பிள்ளை பிறந்த நாளையும், தடுப்பூசி போட்ட நாளையும், அடையாள அட்டைக்கு விண்ணப்பம் கொடுத்த நாளையும் கலண்டரில் எழுதி வைப்பதைச் சாதாரண வழக்கம் என்று தள்ளிவிட எனக்கு மனமில்லை.

இதற்கு வரக்கூடிய மறுப்புகள் சில. கடைக்காரரின் விளம்பரத் தாளைத் தொழிலாளியின் ஆவணம் என்பது மிகை என்பார்கள். படமும் கடைப் பெயரும் கடைக்காரருடையவை என்பது உண்மை. கட்டங்களுக்குள் எழுதியிருப்பது அவருடையதன்று. அரசு அச்சிட்ட கொப்பியில் பிள்ளை எழுதும் கட்டுரை அரசுடையது ஆகிவிடுமா? எழுத்தறிவு குறைந்த சமூகத்தில் எழுத்து ஆவணத்தைத் தேடுவது வீண் என்பது இன்னொன்று. 1970களில்தான் தோட்டப் பாடசாலைகள் அரசின் கைக்கு வரத் தொடங்கின, அதுவரை பெரும்பாலான தோட்டங்களில் கிடைத்த படிப்பு சொற்பம், இதில் கருத்து வேறுபாட்டுக்கு இடமில்லை. ஆனால் இந்தப் பதிவுக்கு வேண்டியது இலக்கங்களும் குறிகளும். எழுதத் தெரியாத தாய்க்குப் பாடசாலை போகும் மகள் குறித்துக் கொடுக்கலாம். அப்படிக் குறித்தவள் வீட்டின் கணக்கையும் கற்றுக்கொள்கிறாள்.

இவற்றைவிடக் கனமான மறுப்பு, இந்தக் கோடுகள் எந்த விசாரணையிலும் செல்லாது, செக்ரோல்தான் சான்று என்பது. ஒப்புக்கொள்கிறேன். தொழில் நியாயசபையில் ஒரு கலண்டரை மட்டும் நீட்டி வழக்கு வென்றுவிட முடியாது. ஆனால் ஒரு முறைப்பாடு நியாயசபை வரை போவதற்கு முன்பே, அது முறைப்பாடாக உருவாகவேண்டும். தோட்டத் தலைவரிடம் போய் ‘இந்த மாசம் எனக்கு ரெண்டு பேர் குறையுது’ என்று பொதுவாகச் சொல்வதும், ‘ஏழாந் திகதியும் பத்தொம்பதாந் திகதியும் வேலைக்குப் போனேன், பேர் இல்ல’ என்று சொல்வதும் ஒன்றல்ல. முதலாவது புலம்பல். இரண்டாவதற்கு நிர்வாகம் புத்தகத்தைப் பிரித்துப் பார்த்துப் பதில் சொல்லியாகவேண்டும். கலண்டரின் பலம் அவ்வளவுதான், அது சிறிய பலமும் அன்று. வரலாறு எழுதுகிறவருக்கோ இதன் மதிப்பு இன்னும் கூடுதல். தோட்டத்தின் புத்தகம் சொன்னதையே திருப்பிச் சொல்லும் வரலாறுகள் நமக்கு ஏற்கெனவே நிறைய உண்டு.

கைத்தொலைபேசி வந்தபிறகு இதெல்லாம் பழங்கதை என்பவர்களுக்கு ஒரு வார்த்தை. திகதி பார்க்கவும் இராகு காலம் பார்க்கவும் தொலைபேசி போதும், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் அது ஒருவருடைய சட்டைப்பையில் இருப்பது. அவர் கொழும்பில் கடையில் நின்றால் அதுவும் கொழும்பில். தாய் மத்திய கிழக்கில் வேலைக்குப் போயிருந்தால் அவள் திரும்பும் திகதி யாருடைய தொலைபேசியில் இருந்தாலும் பிள்ளைகள் நினைத்த நேரம் நிமிர்ந்து பார்க்கமுடியாது. பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் எல்லாரும் ஒரே நேரத்தில் பார்க்கும் இடம் சுவர். தொலைபேசி உடைந்தால் மூன்று வருடக் குறிப்பும் போயிற்று. ஆணியில் ஒன்றன்மேல் ஒன்றாகத் தொங்கும் மூன்று வருடத்துத் தாளை எலி கடித்தாலும் பாதியாவது மிஞ்சும்.

கலண்டர் நம்மவரைச் சோதிடத்துக்கு அடிமையாக்கியது என்று பகுத்தறிவாளர் சொல்லும் குற்றச்சாட்டில் எனக்குப் பாதி உடன்பாடு. இராகு காலத்துக்கு அஞ்சி வைத்தியசாலைக்குப் பிந்திப் போவது மடமை, அதற்குச் சமாதானம் சொல்லமாட்டேன். ஆயினும் நாள் முழுவதும் பிறர் மணிக்கு நடக்கும் ஒருவருக்குத் தன் மகள் கழுத்தில் தாலி ஏறும் நேரத்தைத் தானே குறிக்கக் கிடைப்பது வெறும் மூடநம்பிக்கையின் கணக்கில் அடங்காது.

பழைய கலண்டர்களுக்கு நேரும் கதி நமக்குத் தெரியும். ஜனவரியில் புதியது வந்ததும் பழையதன் வழுவழுப்பான தாள் பாடப்புத்தகத்துக்கு உறையாகிறது, தட்டில் விரிப்பாகிறது, சாமி படம் மட்டும் வெட்டி ஒட்டப்படுகிறது. கோடுகளும் வட்டங்களும் அடுப்புக்குப் போகின்றன. பெருந்தோட்டங்கள் 1970களில் அரசுடைமையாகி, 1992இல் கம்பனிகளின் நிர்வாகத்துக்குக் கைமாறியபோது தோட்டத்தின் ஏடுகள் ஏதாவது ஓர் அலுமாரியில் தங்கியிருக்க வாய்ப்புண்டு. வீட்டின் ஏடுகளுக்கு அலுமாரி கிடையாது. பதுளையில் 2005 முதல் ஊவா வெல்லஸ்ஸ பல்கலைக்கழகம் இருக்கிறது. அதே ஆண்டில் தொடங்கிய நூலகம் என்ற எண்ணிம ஆவணக் காப்பகம் மலையகத்து ஆவணங்களையும் சேர்த்துவருகிறது. இவற்றில் உள்ளவர்களும் தோட்டத்து ஆசிரியர்களும் மனம் வைத்தால் செய்யக்கூடிய வேலை ஒன்றுண்டு. எழுதப்பட்ட பழைய கலண்டர்களை வீட்டாரின் சம்மதத்தோடு படம் பிடித்து, தாளை வீட்டாரிடமே திருப்பிக் கொடுத்துவிட்டு, எந்தத் தோட்டம், எந்தப் பிரிவு, எந்த ஆண்டு, எந்தக் குறிக்கு என்ன பொருள் என்று அவர்களிடமே கேட்டு எழுதிவைக்கவேண்டும். குறிகளின் பொருளை எழுதியவர் சொல்லாவிட்டால் பிறகு எவராலும் சொல்லமுடியாது என்பதால் படத்தைவிட இந்தக் குறிப்பு முக்கியம். கடன், நோய், மாதவிலக்கு என்று வீட்டுக்குள்ளேயே இருக்கவேண்டிய செய்திகளும் அந்தக் கட்டங்களில் உண்டு, அவற்றை வெளியிடுவதும் விடுவதும் அந்த வீட்டுப் பெண்களின் முடிவு. ஸ்பிரிங்வெளியிலிருந்து வந்து இந்த உரையைக் கேட்கிறவர்களிடம் என் வேண்டுகோள், இந்த வருடத்துக் கலண்டரைப் புத்தகத்துக்கு உறை போடக் கிழிக்காதீர்கள். கடைசித் தாளின் பின்பக்கத்தில் வீட்டுப் பெயரையும் தோட்டத்துப் பிரிவையும் எழுதி, உங்கள் பிள்ளையின் ஆசிரியரிடம் ஒரு தடவை காட்டுங்கள்.